அங்கிட்டுப் போனா ஏன் மாறுது?

எட்டாவது படிக்கிற மகளுக்குச் சமன்பாடு சொல்லிக்கொடுக்க உட்கார்ந்திருக்கிறீர்கள். "அங்கிட்டுப் போனா பிளஸ் மைனஸாயிரும், பெருக்கல் வகுத்தலாயிரும்" என்று, உங்கள் வாத்தியார் உங்களுக்குச் சொன்னதையே அவளுக்கும் சொல்லியிருக்கிறீர்கள். "ஏன் மாறுது?" என்று அவள் கேட்டதற்குப் பதில் வரவில்லை. மனப்பாடம் பண்ணச் சொல்லியும் பாதிக் கணக்கு தப்பாகிறது, எளிய வழி ஏதாவது உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். எனக்கென்னவோ இங்கே உண்மையான கேள்வி உங்களுடையது அல்ல, உங்கள் மகளுடையது. அதற்குப் பதில் தெரிந்துவிட்டால் எளிய வழி தனியாக வேண்டியதில்லை. அது தெரியாதவரை எத்தனை வழி கொடுத்தாலும் இன்னொரு மனப்பாடமாகத்தான் போய் முடியும்.

மதுரையில் ஒரு உதவிபெறும் பள்ளியில் 31 வருடம் கணக்கு நடத்தினேன். இப்போது பழங்காநத்தத்தில் வீட்டு மாடியில் சாயங்காலம் பத்துப் பதினைந்து பிள்ளைகள் வருகிறார்கள். உங்களைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை, ஏனென்றால் முதல் ஆறேழு வருடம் நானும் இதையே சொன்னேன், கொஞ்சம் ஜோடனையோடு. போர்டில் சமக்குறியைப் போட்டு, "இதான்டா வைகை. யானைக்கல்லுல பிளஸ் சட்டை போட்டிருக்கவன், ஏ.வி. பாலத்தைத் தாண்டிக் கோரிப்பாளையம் போனா மைனஸ் சட்டைக்கு மாறிரணும்" என்பேன். வகுப்பு சிரிக்கும், எனக்கும் பெருமையாக இருக்கும். ஒருநாள் பின்பெஞ்சில் இருந்து ஒரு பையன் எழுந்தான். "சார், நான் செல்லூர்லருந்து தெனம் பாலத்தத் தாண்டித்தான் ஸ்கூலுக்கு வர்றேன். சட்டை மாறலையே சார்?" உட்காருடா என்று அதட்டினேன். அன்றைக்குத் தூக்கம் வரவில்லை என்று சொன்னால் அது பொய். ஆனால் அடுத்த வருடம் அந்தப் பாடம் வந்தபோது பாலத்தைக் கட்ட வாய் வரவில்லை.

ஒரு சின்ன ஏற்பாடு செய்துகொள்கிறேன். பள்ளியில் எக்ஸ் என்று எழுதுவதை இங்கே 'யா' என்று எழுதுகிறேன். கைபேசியில் தமிழுக்கும் இங்கிலீஷுக்கும் தாவித் தாவி அடிக்க என் விரலுக்குப் பொறுமை இல்லை. தவிர, நம் நாட்டுப் பழைய கணிதர்கள் தெரியாத எண்ணை 'யாவத்தாவத்', அதாவது எவ்வளவோ அவ்வளவு, என்று சொல்லி அதன் முதலெழுத்தான 'யா'வைத்தான் குறியாகப் போட்டார்கள். தமிழ்க் காதுக்கு 'யார் நீ?' என்று கேட்கிற மாதிரியும் இருக்கிறது. எந்த எழுத்தானாலும் கணக்குக்கு ஒன்றுதான்.

முதலில் சந்தேகமே இல்லாத விஷயம். சமன்பாட்டில் எதுவும் எங்கேயும் போவதில்லை. யா + 8 = 15 என்று எழுதினால், இடப்பக்கம் இருப்பதும் வலப்பக்கம் இருப்பதும் ஒரே எண் என்று அர்த்தம், பெயர்தான் இரண்டு. அந்த ஒரே எண்ணிலிருந்து இரண்டு இடத்திலும் 8-ஐக் கழித்தால் மிஞ்சுவதும் ஒரே எண்ணாகத்தான் இருக்க முடியும். ஆக, யா + 8 − 8 = 15 − 8. இடப்பக்கத்தில் +8-ம் −8-ம் அடிபட்டுப் போயின. வலப்பக்கத்தில் −8 நிற்கிறது. நடுவில் உள்ள இந்த வரியை எழுதாமல் விட்டுவிட்டு மேல் வரியையும் கீழ் வரியையும் மட்டும் பார்க்கிறவருக்கு, 8 என்பவர் ஆற்றைத் தாண்டிச் சட்டை மாற்றிக்கொண்ட மாதிரி தெரியும். நடந்தது அதுவல்ல. இடப்பக்கத்து 8 அங்கேயே தீர்ந்துபோனது. வலப்பக்கத்தில் நிற்கிற −8 நாம் புதிதாகப் போட்டது. மகளுக்கு நீங்கள் சொல்ல வேண்டிய பதில் அந்த ஒரு வரிதான், நாம் சோம்பல்பட்டு எழுதாமல் விட்ட வரி.

ஏன் குறிப்பாக 8-ஐக் கழித்தோம்? யாவுக்கு யாரோ 8-ஐக் கூட்டியிருக்கிறார்கள், அதைக் கலைக்க. கூட்டினதைக் கழித்துக் கலைக்கலாம், கழித்ததைக் கூட்டிக் கலைக்கலாம், பெருக்கினதை வகுத்தும் வகுத்ததைப் பெருக்கியும் கலைக்கலாம். பாடப்புத்தகத்தில் நேர்மாறு என்று வருவது இதுதான். என் வகுப்பில் அந்தச் சொல்லை ஒரு வாரம் கழித்துத்தான் சொல்வேன். அதுவரை 'கலைக்கிறது' போதும்.

பூக் கட்டி விற்கிற அக்கா ஒருவர் விடிகாலையில் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டுக்குப் போய் 3 கிலோ மல்லி எடுக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆட்டோவுக்கு 60 ரூபாய். எல்லாம் சேர்த்துச் செலவு 1560. "கிலோ என்ன விலைக்கா எடுத்தீங்க?" என்று கேட்டால் அவர் பேப்பரைத் தேட மாட்டார். ஆட்டோக் காசைத் தள்ளுவார், 1500. மூன்றாகப் பிரிப்பார், 500. எட்டாம் வகுப்பில் 3யா + 60 = 1560 என்று எழுதி அரைப் பக்கம் போடுகிற கணக்கு இதுதான். அவர் முதலில் மூன்றாகப் பிரித்திருந்தால்? 1560-ஐ 3-ஆல் வகுத்தால் 520. அதில் 60 போக 460 என்று சொன்னால் பக்கத்தில் பூக் கட்டுகிறவர்கள் சிரித்துவிடுவார்கள். ஆட்டோக்காரர் கிலோவுக்கு 60 என்று கூலி வாங்கவில்லையே. முதலில் வகுக்கக் கூடாது என்று சட்டமில்லை. வகுத்தால் அந்த 60-ம் சேர்ந்து வகுபட்டு 20 ஆக வேண்டும், 520-இல் 20 போனால் அதே 500. பிள்ளைகள் வகுக்கும்போது யாவோடு ஒட்டியிருக்கிற உறுப்பை மட்டும் வகுத்துவிட்டு மற்றதை அப்படியே விடுவார்கள். நான் திருத்திய விடைத்தாள்களில் மைனஸ் தப்புக்கு அடுத்தபடியாக அதிகம் பார்த்தது இந்தத் தப்பைத்தான்.

வரிசைக்கு நான் சொல்வது புரோட்டாப் பொட்டலம். கடையில் நின்று பார்த்திருப்பாள். புரோட்டாவை இலையில் வைத்து மடிக்கிறார்கள், அதன்மேல் பேப்பரைச் சுற்றுகிறார்கள், மேலே தொங்குகிற கண்டிலிருந்து நூலை இழுத்து இறுக்கிக் கட்டுகிறார்கள். வீட்டில் பிரிக்கும்போது கடைசியாகக் கட்டின நூலைத்தான் முதலில் அவிழ்க்க வேண்டும், அப்புறம் பேப்பர், கடைசியில் இலை. 3யா + 60 என்ற பொட்டலத்தில் யா உள்ளே இருக்கிற புரோட்டா. அதன்மேல் முதல் சுற்று '3-ஆல் பெருக்கு', இரண்டாவது சுற்று '60-ஐக் கூட்டு'. பிரிக்கும்போது முதலில் 60, பிறகு 3. அடைப்புக்குறி வருகிற கணக்கிலும் இந்த ஒரு கேள்வி போதும்: "யாவுக்குக் கடைசியா என்ன நடந்துச்சு?" யா/2 + 5 = 9 என்பதில் கடைசியாக நடந்தது கூட்டல், அதனால் 5-ஐக் கழித்து 4, இரண்டால் பெருக்கி 8. (யா + 5)/2 = 9 என்பதில் கடைசியாக நடந்தது வகுத்தல், அதனால் முதலில் 18, பிறகு 13. எண்களெல்லாம் அதே எண்கள்தான், கட்டின வரிசை மட்டும் வேறு.

இனி உங்கள் மகள் தப்பாகப் போட்டதாக நீங்கள் கொடுத்த மூன்று கணக்குகள். 5யா = 20 என்பதற்கு அவள் 15 என்று எழுதியிருக்கிறாள். அவளுக்கு விதி மறக்கவில்லை. 'அங்கிட்டுப் போனா மாறும்' என்ற விதியை ஒழுங்காகவே பின்பற்றி, 5-ஐ −5 ஆக்கி 20 − 5 போட்டிருக்கிறாள். 5-க்கும் யாவுக்கும் நடுவில் ஒரு பெருக்கல் குறி ஒளிந்திருப்பது அவள் கண்ணில் படவில்லை, நாம் எழுதாத குறி எப்படிப் படும்? இரண்டு வாரத்துக்கு 5 × யா என்றே எழுதச் சொல்லுங்கள். அதுபோதும்.

இரண்டாவது, −3யா = 12. அவள் விடை 4. அந்த வாய்ப்பாட்டு விதி அப்பட்டமாகக் காலை வாரிவிடுகிற இடம் இது. மைனஸ் அங்கிட்டுப் போனால் பிளஸ் என்று அவளுக்குச் சொல்லியிருக்கிறோம், அவளும் −3-ஐ 3 ஆக்கி வகுத்துவிட்டாள். ஆனால் இங்கே யாருமே 3-ஐக் கழிக்கவில்லை. யாவை −3 என்ற எண்ணால் பெருக்கியிருக்கிறார்கள். அதைக் கலைக்க இரண்டு பக்கமும் −3-ஆல் வகுக்க வேண்டும், விடை −4. மைனஸ் என்ற ஒரே கோடு 'கழி' என்ற வேலைக்கும் 'குறை எண்' என்ற பெயருக்கும் பொதுவாக நிற்பதால் வருகிற வம்பு இது. 'அங்கிட்டு' விதியைச் சொல்லிக்கொடுப்பவர்கள், பெருக்கினவன் போகும்போது மட்டும் குறி மாறாது என்று ஒரு விதிவிலக்கைச் சேர்த்துச் சொல்வார்கள். இருபுறமும் ஒரே வேலையைச் செய்கிறவளுக்கு அந்த விதிவிலக்கு எதற்கு?

மூன்றாவது, 10 − யா = 4, அவள் விடை −6. இதில் பெரியவர்களே தடுமாறுவார்கள். 10 போனது சரி, 4 − 10 = −6 என்பதும் சரி. ஆனால் இடப்பக்கம் மிஞ்சியது யா அல்ல, −யா. அந்த மைனஸைப் பாதி வழியில் விட்டுவிட்டாள். நான் இதற்கு வேறு வழி சொல்வேன்: யாவைக் கழித்திருக்கிறார்கள், ஆகவே இரண்டு பக்கமும் யாவைக் கூட்டு. 10 = 4 + யா. இனி அவளுக்கே தெரியும்.

இந்தக் கலைத்துப்போடும் வித்தை நம்மிடம் ரொம்பப் பழசு. 499-ஆம் ஆண்டில், தன் 23-ஆவது வயதில், ஆரியபட்டர் இதை ஒரே சுலோகத்தில் சொல்லிவிட்டார்: தலைகீழாகப் போகும்போது பெருக்கினவை வகுப்பவை ஆகும், வகுத்தவை பெருக்குபவை ஆகும், கூட்டினது கழிவாகும், கழித்தது கூட்டலாகும். 1150-இல் பாஸ்கரர் இதற்கு ஒரு கணக்குப் போட்டார், மகளிடம் விடுகதையாகக் கொடுத்துப் பாருங்கள். ஒரு எண்ணை 3-ஆல் பெருக்கி, வந்ததில் முக்கால் பங்கை அதோடு சேர்த்து, 7-ஆல் வகுத்து, அதில் மூன்றில் ஒரு பங்கைக் கழித்து, அதை அதனாலேயே பெருக்கி, 52-ஐக் கழித்து, வர்க்கமூலம் எடுத்து, 8-ஐக் கூட்டி, 10-ஆல் வகுத்தால் 2. எண் என்ன? கடைசியிலிருந்து வாருங்கள்: 20, 12, 144, 196, 14. இப்போது கொஞ்சம் யோசிக்க வேண்டும். மூன்றில் ஒரு பங்கு போய் மிஞ்சியது 14 என்றால் அது இரண்டு பங்கு, ஆக முழுசு 21. பிறகு 147. முக்கால் பங்கு சேர்ந்து 147 என்றால் ஏழு கால் பங்கு 147, ஒரு கால் 21, முழுசு 84. மூன்றால் வகுத்தால் 28. என் மாடியில் இந்தக் கணக்கு ஒரு மாலை முழுவதையும் சாப்பிட்டுவிடும், பிள்ளைகள் வீட்டுக்குப் போக மாட்டார்கள்.

பொட்டலக் கதைக்கும் ஒரு எல்லை உண்டு, அதை மறைக்கக் கூடாது. யா ஒரே இடத்தில் இருக்கும்வரைதான் அது ஓடும். 7யா − 4 = 4யா + 11 என்று வந்தால் எந்தப் பொட்டலத்தைப் பிரிப்பது? இரண்டு பொட்டலத்துக்குள்ளும் அதே புரோட்டா இருக்கிறது. இங்கேதான் தராசு வேண்டும். நான் பழைய இரும்புக் கடையில் ஒரு இரட்டைத் தட்டுத் தராசை வாங்கி வைத்திருக்கிறேன். இன்றைய பிள்ளைகள் கடையில் பார்ப்பதெல்லாம் எலக்ட்ரானிக் தராசுதான், ஆகவே புத்தகத்தில் தராசுப் படம் போட்டால் பாதிப் பேருக்கு அது கோயில் சிற்பம் மாதிரி. இரண்டு தட்டிலும் ஒரே அளவு எடுத்தால் முள் அசையாது என்பதைக் கையால் செய்துபார்த்தால்தான் மனசில் பதிகிறது. இரண்டு தட்டிலிருந்தும் 4யாவை எடுத்தால் 3யா − 4 = 11. இப்போது யா ஒரே இடத்தில் இருக்கிறது, பொட்டலத்தைப் பிரிக்கலாம்: 15, பிறகு 5. தராசும் எல்லா இடத்திலும் உதவாது. 2யா + 8 = 2 என்றால் யா −3. மைனஸ் மூன்று கிலோ எடைக்கல்லை எந்தத் தட்டில் வைப்பது? ஒன்பதாம் நூற்றாண்டில் பாக்தாதில் இருந்த கணிதர் அல்-குவாரிஸ்மி கழித்தல் வருகிற இடத்தையெல்லாம் இரண்டு பக்கமும் கூட்டிச் சரிக்கட்டிவிடுவார். அந்த வேலைக்கு அவர் சொன்ன பெயர் அல்-ஜபர், உடைந்ததை ஒட்டவைப்பது. அரபியில் எலும்பு முறிவுக்குக் கட்டுப் போடுவதற்கும் அதே சொல்தான். அல்ஜீப்ரா என்ற பெயர் அங்கிருந்து வந்தது. மைனஸ் வருகிற இடத்தில் தராசைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு பக்கமும் ஒரே எண் என்ற முதல் பேச்சுக்கே திரும்பிவிடுவேன்.

சமக்குறி பற்றி ஒன்று. உங்கள் மகளின் நோட்டில் 1560 − 60 = 1500 ÷ 3 = 500 என்ற மாதிரி ரயில் பெட்டிகள் ஓடுகிறதா என்று பாருங்கள். விடை சரி, எழுதினது பொய். 1560 − 60 எப்படி 500 ஆகும்? சின்ன வகுப்பில் 4 + 3 = என்று போட்டுக் கட்டம் விட்டுக் கொடுத்துப் பழக்கியதால், சமக்குறி என்றால் 'இங்கே விடையை எழுது' என்று பிள்ளைகள் நினைத்துக்கொள்கிறார்கள். அப்படி நினைக்கிறவளுக்கு இருபுறமும் கழிப்பது என்பது கடைசிவரை புரியாது, ஏனென்றால் அவளைப் பொறுத்தவரை வலப்பக்கம் விடை, விடையில் எதற்குக் கை வைக்க வேண்டும்? வேல்ஸில் பிறந்த ராபர்ட் ரெக்கார்ட் 1557-இல் இந்தக் குறியை அச்சில் கொண்டுவந்தபோது, ஒரே நீளமுள்ள இரண்டு இணைகோடுகளைவிட எதுவும் சமமாக இருக்க முடியாது என்றுதான் காரணம் சொன்னார். அதை வைத்து அவர் எழுதிய முதல் சமன்பாடு, நம் குறியில், 14யா + 15 = 71. அதையும் அவளிடம் கொடுங்கள், 56 வந்து 4 வரும்.

கலைக்க முடியாத வேலையும் ஒன்று உண்டு, பூஜ்ஜியத்தால் பெருக்குவது. எந்த எண்ணைப் பெருக்கினாலும் பூஜ்ஜியம்தான் என்றால், உள்ளே என்ன இருந்தது என்று திரும்பப் போய்க் கண்டுபிடிக்க வழியில்லை. கீழே கொட்டின சால்னாவைப் பொட்டலத்துக்குள் திரும்ப ஊற்ற முடியுமா? அதனால்தான் இருபுறமும் பூஜ்ஜியத்தால் வகுக்கக் கூடாது. யா + 3 = யா + 5 போன்ற ஒன்று வந்து, யா இரண்டு பக்கமும் காணாமல் போய் 3 = 5 என்று நின்றால், அவள் தப்புப் பண்ணவில்லை. அதற்குத் தீர்வு கிடையாது.

இதுவரை சொன்னது கணக்கு, இதில் இரண்டு கருத்துக்கு இடமில்லை. எப்படிச் சொல்லித்தருவது என்பதில் உண்டு. இருபுறமும் எழுதவைப்பது நேரத்தைத் தின்கிறது, பரீட்சைக்கு இடமாற்று முறைதான், அதாவது அந்த 'அங்கிட்டு' விதிதான், வேகம் என்று சொல்கிற நல்ல வாத்தியார்கள் எனக்கு நண்பர்களாக இருக்கிறார்கள். அவர்களிடம் படித்த பிள்ளைகளும் நன்றாகத்தான் வந்திருக்கிறார்கள். என் சாய்வு இது: முதல் இரண்டு மூன்று வாரம் அந்த நடுவரியை ஒன்று விடாமல் எழுதட்டும், பிறகு அவளே அலுத்துப்போய் விட்டுவிடுவாள். அலுத்து விட்டது ஆபத்தில்லை. ஆரம்பத்திலேயே இல்லாமல் இருந்ததுதான் ஆபத்து. பள்ளியில் டீச்சர் இடமாற்று முறையில்தான் போட வேண்டும் என்று சொல்லியிருந்தால் விடைத்தாளில் அப்படியே போடட்டும், அதற்காக வீட்டில் சண்டை வேண்டாம். நீங்கள் கொடுத்த மூன்றே கணக்கை வைத்துத்தான் இவ்வளவும் சொல்கிறேன், நோட்டை நான் பார்க்கவில்லை. அந்த மூன்றாவது கணக்கில் 4 − 10-ஐச் சரியாகப் போட்டிருந்தாலும், ஒருவேளை மற்ற இடங்களில் இந்த மாதிரிக் கழித்தலை அவள் 6 என்று போடுகிறவளாக இருந்தால், சிக்கல் சமன்பாட்டில் இல்லை, குறை எண்களில் இருக்கிறது. அப்படியானால் ஏழாம் வகுப்புப் புத்தகத்துக்கு ஒருமுறை திரும்பிப் போய்விட்டுத்தான் இங்கே வர வேண்டும்.

இன்று ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் பக்கத்தில் உட்கார்ந்து இந்த நான்கை மட்டும் கொடுங்கள்: யா + 9 = 4, −2யா = 14, யா/3 − 2 = 5, 20 − 3யா = 8. ஒவ்வொன்றுக்கும் முன்னால், யாவுக்குக் கடைசியாக என்ன நடந்தது என்று அவள் வாயால் சொல்லட்டும், பிறகு எழுதட்டும். விடை வந்ததும் சரியா தப்பா என்று நீங்கள் சொல்லாதீர்கள். வந்த எண்ணை யா இருந்த இடத்தில் வைத்து அவளே பெருக்கிக் கூட்டிப் பார்க்கட்டும், இரண்டு பக்கமும் ஒத்துப்போனால் அடுத்த கணக்கு. கடைசிக் கணக்கில் −4 வந்தால் மைனஸ் எங்கே விழுந்தது என்று தேட விடுங்கள், எடுத்துக் கொடுக்காதீர்கள். அப்படியும் பிடிபடவில்லை என்றால் அந்த நோட்டுப் பக்கத்தைப் படம் எடுத்துப் போடுங்கள், அவள் அடித்துத் திருத்தினதோடு சேர்த்து. நாளைக்குச் சாயங்காலம் பிள்ளைகள் வருவதற்கு முன்னால் பார்த்துவிடுகிறேன்.